வழக்குமன்றமும் அச்சுக்கூடமும்
சாள்ஸ் அம்புறோஸ் லொறென்ஸ் என்பாரின் வாழ்வும் பணியும்

கொழும்பு மாநகரிலே பம்பலப்பிட்டிப் பகுதியில் லொறென்ஸ் வீதி என்று ஒரு வீதி உண்டு. நாள்தோறும் அவ்வழியே செல்வோர் பலர். அப்பெயர்க்குரியார் யாவர், அவர் நாட்டுக்கு ஆற்றியது யாது என வினவுவோர் மிகச் சிலர். அரசாண்டோர்க்கும் படை நடத்தினோர்க்கும் வரலாற்று நூல்களிலே விரிந்த இடம் உண்டு. எழுதுகோலைத் துணைக்கொண்டு பொதுநலம் பேணினோர்க்குக் கிடைப்பது பெரும்பாலும் ஒரு வீதிப் பெயரே. அத்தகையாருள் ஒருவரைப் பற்றிச் சில கூறுதலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

லொறென்ஸ் தமிழரல்லர், சைவருமல்லர். பறங்கியர் வகுப்பிலே தோன்றியவர். அவர் வரலாற்றை இந்துக் கல்லூரி மலரொன்றில் எழுதுவது எற்றுக்கு எனச் சிலர் ஐயுறலாம். அதற்குக் காரணம் இரண்டு. இலங்கையர் தமக்கே உரிமையாக ஓர் ஆங்கிலப் புதினப் பத்திரிகையைப் பெற்று நடத்துவதற்கு வழிகாட்டியவர் அவர் என்பது ஒன்று. அவர் தம் வாழ்நாளில் ஈடுபட்ட பெரும் அரசியற் பிணக்கு, நமது திருகோணமலைத் துறைமுகத்தைக் காத்துநின்ற படைகள் போன்றவற்றின் செலவைப் பற்றியது என்பது மற்றொன்று. ஆகவே அவர் வரலாறு நமக்கு அயலாருடைய வரலாறு அன்று.

இளமை

சாள்ஸ் அம்புறோஸ் லொறென்ஸ் 1829ஆம் ஆண்டு யூலை மாதம் 8ஆந் திகதி மாத்தறையிலே பிறந்தார். அவர் தந்தையார் செருமானிய நாட்டினர். ஒல்லாந்தக் கொம்பனியின் ஆட்சிக் காலத்தில் இலங்கைக்கு வந்து, பின்னர் ஆங்கிலேயர் ஆட்சியிலும் இங்கேயே தங்கி வாழ்ந்தவர். மைந்தர் கொழும்பு அக்கடமி என்னும் பாடசாலையிற் கல்வி பயின்றார். இந்நாளில் றோயல் கல்லூரி எனப் பெயர் பெற்று விளங்குவது அதுவே.

கல்வி முடிந்ததும் அவர் சட்டத்துறையை நாடினார். அக்காலத்து வழக்கப்படி ஒரு மூத்த வழக்கறிஞரின்கீழ் இருந்து தொழில் பயின்று, இருபது வயதளவிலே பிறக்கிறாசியாகச் சேர்ந்தார். சட்ட நூல்களிலே தோய்ந்திருந்த அதே கை சித்திரம் வரைவதிலும் நகைச்சுவைப் பாட்டுகள் புனைவதிலும் வல்லதாயிருந்தது. நீதிமன்றத்திலே தாம் கண்ட மாந்தரை நாலைந்து கோடுகளில் வரைந்து காட்டி நண்பரை நகைக்கச் செய்வார் என்பர். பின்னாளில் அவர் எழுத்துக்கு வாய்த்த கூர்மைக்கும் இனிமைக்கும் இவ்வியல்பே அடிப்படை எனலாம்.

அவர் தொழில் தொடங்கிய காலம் நாடு கொந்தளித்திருந்த காலம். தோறிங்டன் பிரபு தேசாதிபதியாயிருந்து விதித்த புதிய வரிகளை எதிர்த்து, 1848ஆம் ஆண்டிலே மாத்தளையிலும் குருநாகலிலும் மக்கள் கிளர்ந்தெழுந்தனர். படைச்சட்டம் பிரகடனம் செய்யப்பட்டுப் பலர் கொல்லப்பட்டனர். ‘ஒப்சேவர்’ பத்திரிகையை நடத்திய வைத்தியர் எலியட் அவ்வரிகளைக் கண்டித்து எழுதினார். செய்தி கடல் கடந்து சென்றது. பிரித்தானியப் பாராளுமன்றம் விசாரணைக் குழுவொன்றை நியமித்தது. 1850இல் தேசாதிபதி தம் பதவியை இழந்து திரும்பினார். அச்சிட்ட தாள் ஒன்று ஆளுவோரையும் அசைக்கவல்லது என்பதை லொறென்ஸ் தம் பத்தொன்பதாம் இருபதாம் வயதுகளிலே கண்ணாரக் கண்டார்.

‘இளம் இலங்கை’

1850ஆம் ஆண்டிலே லொறென்சும் அவர்தம் தோழர் சிலரும் கூடி ‘யங் சிலோன்’ என்னும் மாத சஞ்சிகையைத் தொடங்கினர். ‘இளம் இலங்கை’ என்பது அதன் பொருள். அக்காலத்தில் ‘இளம் அயர்லாந்து’, ‘இளம் இத்தாலி’ என்னும் பெயர்களோடு ஐரோப்பாவிலே வாலிபர் இயக்கங்கள் தோன்றியிருந்தன. அப்பெயர்களின் சாயல் இதிலும் படிந்திருத்தல் வெளிப்படை. கட்டுரை, கவிதை, சொற்சித்திரம், திறனாய்வு ஆகியன அதில் இடம்பெற்றன. எழுதியோர் யாவரும் இளைஞர். பகலில் வழக்கும் அலுவலகமும் பார்த்து, இரவில் எழுதியவர்.

அச்சஞ்சிகை 1852 வரையே வாழ்ந்தது. இரண்டாண்டில் மறைந்ததொரு முயற்சி என அதனை எளிதாக ஒதுக்கிவிடுவோரும் உளர். ஆயின், தம்மைப் பறங்கியரென்றும் பிறரென்றும் வேறுபடுத்தி எண்ணாது இலங்கையர் என ஒரு சொல்லால் எண்ணும் பழக்கத்துக்கு அது தன் பெயராலேயே வித்திட்டது.

சீமைப் பயணமும் தீர்ப்புத் திரட்டும்

பின்னர் லொறென்ஸ் சட்டக் கல்வியை நிறைவு செய்யும் பொருட்டு இங்கிலாந்து சென்றார். இலண்டன் மாநகரத்து லிங்கன்ஸ் இன் என்னும் சட்டக் கழகத்திலே பயின்று பாரிஸ்டராகி, 1855இல் தாயகம் மீண்டார். சில ஆண்டுகளின் பின் 1863இல் நம்மவரான முத்துக்குமாரசுவாமி பாரிஸ்டரானதும் அக்கழகத்திலேயே. சட்டநிரூபண சபையிலே தமிழர் பிரதிநிதியாக வீற்றிருந்த அப்பெரியார், கலைப்புலவர் ஆனந்த குமாரசுவாமியின் தந்தையார் என்பது நேயர் அறிந்ததே.

மீண்டு வந்த லொறென்ஸ் விரைவிலே முன்னணி அப்புக்காத்துகளுள் ஒருவரானார். பொருளும் புகழும் தேடி வந்தன. ஆயினும் அவர் தம் வாதத் திறமையை மட்டும் நம்பி இருந்தாரல்லர். நீதிமன்றத்திலே சொல்லப்படுவது அங்குள்ளோர் செவிக்கு மட்டும் எட்டுவது. உயர்நீதிமன்றம் அரியதொரு தீர்ப்பு வழங்கினும், அது முறையாக அச்சேறாதவழி, தொலைவிலுள்ள ஊர்களில் தொழில் செய்யும் வழக்கறிஞர்க்கும் நீதிபதிகட்கும் அது பயன்படுதல் அரிது. கொழும்பிலே ஒரு விதி, மாத்தறையிலே மற்றொரு விதி, திருகோணமலையிலே வேறொரு விதி என நீதி தடுமாறவும் கூடும். இக்குறையை நீக்குமாறு அவர் 1856ஆம் ஆண்டு முதலாக உயர்நீதிமன்றத் தீர்ப்புகளைத் தொகுத்து வெளியிட்டார். ‘லொறென்ஸ் தீர்ப்புத் திரட்டு’ என வழங்கும் அந்நூல் இலங்கைச் சட்ட வரலாற்றிலே நிலைத்த இடம் பெற்றது. பிற்காலத்திலே சேர் பொன்னம்பலம் இராமநாதனும் இத்தகைய தொகுப்புப் பணியிலே ஈடுபட்டுத் தம் பெயரால் ஒரு திரட்டை நாட்டுக்கு அளித்தார்.

இங்கே லொறென்சின் வாழ்வை ஊடுருவி நிற்கும் ஓர் இழை நமக்குப் புலனாகின்றது. சஞ்சிகை நடத்தியதும், தீர்ப்புகளைத் திரட்டியதும், பின்னர்ப் பத்திரிகை நிறுவியதும் வெவ்வேறு செயல்களல்ல. சிலர் மட்டும் அறிந்திருந்ததைப் பலரும் அறியச் செய்தலே அவற்றின் பொது நோக்கம்.

பத்திரிகைக்கு உரிமையாளர்

அக்காலத்துப் பத்திரிகைகளின் நிலையைச் சிறிது நோக்குதல் வேண்டும். 1834இல் தோன்றிய ‘ஒப்சேவர்’ 1859இல் பேகுசன் என்னும் ஸ்கொத்லாந்தர் கைக்கு வந்தது. 1846இல் தோன்றிய ‘சிலோன் ரைம்ஸ்’ 1858இல் கப்பர் என்னும் ஆங்கிலேயரைச் சேர்ந்தது. மலைநாட்டிலே கோப்பித் தோட்டங்கள் பெருகிய காலம் அது. கொழும்பு வணிகரின் நலமும் தோட்டத் துரைமாரின் நலமும் அப்பத்திரிகைகளிலே நன்கு பேசப்பட்டன. இந்நாட்டவர் நலம் அவர்கள் இரங்கி இடம் கொடுத்தபோது மட்டுமே பேசப்படலாயிற்று. நல்லெண்ணமுடைய பத்திராதிபர் வாய்த்தாற் பேசப்படும். அவர் மாறினால் அப்பேச்சும் மாறும்.

இதனை உணர்ந்த லொறென்ஸ் 1859ஆம் ஆண்டில் நண்பர் சிலரைக் கூட்டுச் சேர்த்து, ‘சிலோன் எக்சாமினர்’ என்னும் பத்திரிகையை விலைக்கு வாங்கினார். 1846 முதல் நடந்துவந்த அப்பத்திரிகை அன்று தொட்டு இலங்கையர் உடைமையாயிற்று. பெயர் பழையதாயினும் பத்திரிகை புதியது; ஆதலின் அவரைப் பத்திரிகை நிறுவினர் எனல் மிகையாகாது. ஆசிரியப் பொறுப்பையும் அவரே தாங்கினார். பகலில் நீதிமன்றத்திலே கட்சிக்காரர்க்காக வாதாடியவர், மாலையிலே அச்சுக்கூடத்தில் நாட்டுக்காக எழுதினார். இலங்கைக் கல்விமான்களின் குரலாக அப்பத்திரிகை மதிக்கப்பட்டது. எழுதும் ஆற்றலுடைய இளைஞர்க்கு அது பயிற்சிக் களமாகவும் அமைந்தது.

மாணவ நேயர்கள் இங்கு ஒன்றை நன்கு சிந்தித்தல் வேண்டும். பத்திரிகையில் எழுதுதல் வேறு. பத்திரிகையை உடைமையாக்கிக் கோடல் வேறு. பிறர் பத்திரிகைக்கு நாம் எழுதும் கடிதம் பிரசுரமாவதும் ஆகாததும் அவர் விருப்பம். அதனைச் சுருக்குவதும் திருத்துவதும் அவர் உரிமை. சொந்தமாக அச்சுக்கூடமும் பத்திரிகையும் இல்லாத ஒரு சமூகம், தன் முறையீட்டைக்கூடப் பிறர் வாயாற் கூறவேண்டிய நிலையிலிருக்கும். லொறென்சின் பெருமை அவர் நன்றாக எழுதினார் என்பதில் மட்டுமன்று; இலங்கையர் எழுத்துக்கு ஓர் இல்லம் அமைத்தார் என்பதிலேயே சிறப்பாகத் தங்கியுள்ளது.

பட்டாளச் செலவும் பதவி துறப்பும்

1833இல் அமைந்த சட்டநிரூபண சபையிலே உத்தியோக அங்கத்தவர் ஒன்பதின்மர், உத்தியோகப்பற்றற்றோர் அறுவர். அவ்வறுவருள்ளும் மூவர் ஐரோப்பியர். சிங்களவர், தமிழர், பறங்கியர் ஆகிய ஒவ்வொரு வகுப்பினர்க்கும் ஒவ்வோர் இடமே. இவர்களும் மக்களால் தெரியப்பட்டவரல்லர், தேசாதிபதியால் நியமிக்கப்பட்டவர். பறங்கியர்க்குரிய இடத்தில் 1856ஆம் ஆண்டிலே லொறென்ஸ் அமர்ந்தார். அறுவரும் ஒருமித்து நின்றாலும் ஒன்பதின்மரை வெல்லல் இயலாது. பேசலாம், தீர்மானிக்க முடியாது.

இந்நிலையிலேதான் இராணுவச் செலவு பற்றிய பிணக்கு எழுந்தது. இலங்கையில் நிறுத்தப்பட்ட பட்டாளங்களின் செலவை இலங்கை வருவாயிலிருந்தே கொடுத்தல் வேண்டும் என இலண்டனிலுள்ள குடியேற்ற நாட்டு மந்திரி பணித்தார். எவ்வளவு படை வேண்டும், எத்துணைப் பணம் வேண்டும் என்பவற்றை அங்கே முடிவு செய்வது. பணத்தை மட்டும் இங்கே எடுப்பது. இதுவே அதன் சாரம்.

திருகோணமலையார்க்கு இதன் பொருள் நன்கு விளங்கும். கோணேசர் கோயில் இருந்த மலைமுனையிலே போர்த்துக்கேயர் எழுப்பி, ஒல்லாந்தர் வலுப்படுத்தி, ஆங்கிலேயர் 1803இல் பிறடரிக் கோட்டை எனப் பெயரிட்ட அரண் ஒருபால். உட்துறைமுகத்தின் வாயிலைக் காத்துநின்ற ஒஸ்ரன்பேக் கோட்டை மற்றொருபால். 1795இல் ஆங்கிலேயர் இத்துறையைக் கைப்பற்றியது இந்துமாக்கடலில் அவர்தம் கப்பல்கட்குப் புகலிடம் வேண்டியேயாகும். இத்துறையின் பயன் பேரரசு முழுவதற்கும் உரியது. அங்ஙனமாயின், அதனைக் காக்கும் செலவை இவ்வூர்த் தோணிக்காரரும், அயற்கிராமத்து உழவரும், உப்பு வாங்கும் ஏழைகளும் ஏன் தாங்கவேண்டும்? அக்காலத்திலே அரசாங்கத்தின் வருவாய் சுங்கத்தாலும், உப்பு விற்பனையாலும், சாராயக் குத்தகையாலும், நெல்வரியாலும் வந்தது. நெல்வரி 1892 வரை நீங்கவில்லை. தெருக்களும் குளங்களும் புகையிரதப் பாதையும் வேண்டிநின்ற நாட்டிலே, மக்கள் பணம் எதற்குச் செல்லும் என்பதை மக்கள் சார்பினர் கூறவியலாமை பெருங்குறையன்றோ?

1864ஆம் ஆண்டு நவம்பர் மாதம் 15ஆந் திகதி சபையின் உத்தியோகப்பற்றற்ற அங்கத்தவர் ஒருங்கே பதவி துறந்தனர். லொறென்சும் அவர்களுள் ஒருவர். ஐரோப்பிய வணிகரும் இந்நாட்டவரும் வேற்றுமை மறந்து இச்செயலில் ஒன்றுபட்டமை குறிப்பிடத்தக்கது. அடுத்த ஆண்டிலே ஜோர்ஜ் வோல் என்னும் வணிகரைத் தலைவராகக் கொண்டு ‘சிலோன் லீக்’ என்னும் சங்கம் தோன்றியது. சபையில் உத்தியோகப்பற்றற்றோர் பெரும்பான்மையினராதல் வேண்டும், நாட்டுப் பணத்தின்மீது சபைக்கு அதிகாரம் வேண்டும் என்பன அதன் வேண்டுகோள்கள். சபையிலே தம் ஆசனத்தைத் துறந்த லொறென்சுக்குப் பத்திரிகை இருந்தது. ஆசனம் தேசாதிபதி கொடுத்தது. பத்திரிகையோ அவரும் நண்பரும் தேடியது. ஒன்றைத் துறந்த பின்னும் மற்றொன்றால் அவர் பேச முடிந்தது.

அக்காலத்தில் சேர் றிச்சட் மோகன் என்பாரும் பறங்கியர் வகுப்பிலே தோன்றிய பேரறிஞர். லொறென்சுக்கு முன் சபையிலே அதே இடத்தில் இருந்தவர். அவர் 1863இல் அரசியாரின் முதன்மைச் சட்ட உத்தியோகத்தராகி, பிணக்கு எழுந்தபோது அரசாங்கத்தார் பக்கத்திலே அமர்ந்திருந்தார். அவரைக் குறைகூறல் நம் கருத்தன்று. உள்ளிருந்து நன்மை செய்யலாம் என நம்புவோர் எக்காலத்தும் உளர். ஆயினும் ஒரே கல்வியும் ஒரே தொழிலும் உடைய இருவர்முன் இரண்டு வழிகள் திறந்து கிடந்தமையும், லொறென்ஸ் பதவியில்லாத வழியைத் தேர்ந்தமையும் நினைக்கத்தக்கன.

வெற்றியோ தோல்வியோ?

லீக் சங்கத்தாரின் வேண்டுகோள் அன்று நிறைவேறவில்லை. இராணுவச் செலவும் நீங்கவில்லை. லொறென்ஸ் அதன் பயனைக் காணாமலே 1871ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதம் 9ஆந் திகதி, தம் 42ஆம் வயதிலே உயிர் நீத்தார். அவர் கேட்ட உத்தியோகப்பற்றற்றோர் பெரும்பான்மை 1920ஆம் ஆண்டுச் சீர்திருத்தத்தாலேயே கிடைத்தது; வயதுவந்தோர் யாவர்க்கும் வாக்குரிமை 1931இல் வந்தது. நம் துறைமுகத்துக் கடற்படைத் தளமும் 1957இலேயே இலங்கை அரசாங்கத்திடம் ஒப்படைக்கப்பட்டது. அரை நூற்றாண்டுக்குப் பின் விளையும் பயிருக்கு விதைத்தவர் அவர்.

அவர் பணிக்கு ஓர் எல்லையும் இருந்தது. அதனை மறைத்தல் வரலாற்றுக்கு ஒவ்வாது. ‘எக்சாமினர்’ ஆங்கிலப் பத்திரிகை. வரி கொடுத்த உழவர் அதனை வாசிக்க அறியார். தம்பொருட்டு ஒருவர் வாதாடுகின்றார் என்பதும் அவர்க்குத் தெரியாது. மக்கள் மொழியிலே மக்களோடு பேசும் பணி வேறு கைகளை எதிர்நோக்கி நின்றது.

அக்கைகளும் இருந்தன. யாழ்ப்பாணத்திலே அமெரிக்க மிசனரிமார் 1841இல் ‘உதயதாரகை’யைத் தொடங்கினர்; அதன் ஆசிரியர்களாக விளங்கிய ஹென்றி மாட்டின், சேத் பேசன் ஆகியோர் தமிழரே. ஆயின் பத்திரிகையின் உரிமை மிசனரிமாருக்குரியது. ஆறுமுக நாவலர் 1849இல் வண்ணார்பண்ணையிலே தமக்கென அச்சுக்கூடம் நிறுவியதன் அருமையை இவ்விடத்தில் எண்ணிப் பார்த்தல் தகும். காலியிலே 1860இல் ‘லங்காலோக’ என்னும் சிங்களப் பத்திரிகை வெளிவந்தது. சென்னையில் 1878ஆம் ஆண்டு இளைஞர் அறுவர் கூடி ‘இந்து’ பத்திரிகையை எண்பது பிரதிகளோடு தொடங்கினர். அவருள் இருவர் ஆசிரியர். நால்வர் சட்ட மாணவர். முத்துசாமி ஐயர் உயர்நீதிமன்ற நீதிபதியானதை ஆங்கிலேயர் பத்திரிகைகள் இகழ்ந்தமையே அவர்களைத் தூண்டிற்று. அவ்வாசிரியருள் ஒருவரான ஜி. சுப்பிரமணிய ஐயர், ஆங்கிலம் மட்டும் போதாது எனக் கண்டு, 1882இல் ‘சுதேசமித்திரன்’ என்னும் தமிழ்ப் பத்திரிகையையும் தொடங்கினார். யாழ்ப்பாணத்துச் சைவபரிபாலன சபையார் 1889ஆம் ஆண்டு செப்டெம்பர் 11ஆந் திகதி ‘இந்து சாதனம்’ பத்திரிகையை ஆங்கிலத்திலும் தமிழிலும் வெளியிடலாயினர். ஒருவரைப் பார்த்து மற்றவர் செய்தார் என யாம் கூறவில்லை. ஒரே தேவை வெவ்வேறு ஊர்களிலே ஒரே விடையைப் பெற்றது என்றே கூறுகின்றோம்.

நம் மாணவர்க்கு

இந்நாளிலே செய்தி பரவும் வழிகள் லொறென்ஸ் கனவிலும் கண்டிராதவை. கையடக்கக் கருவியொன்றால் எவரும் எதனையும் நொடியிலே உலகறியச் செய்யலாம். எனினும் அவர் எதிர்கொண்ட வினா மறைந்துவிடவில்லை. நாம் பேசும் மேடை யாருடையது? அங்கே நாம் கூறுவது பொதுநலத்துக்கோ, நம் ஆரவாரத்துக்கோ? கூறுவதற்குமுன் வழக்கறிஞர் சான்று தேடுவதுபோல உண்மையைத் தேடினோமா? பத்திரிகையாளர் எல்லார்க்கும் சட்டம் தெரிந்திருத்தல் வேண்டும் என்பதன்று. சான்றின்றிக் குற்றம் சாட்டலாகாது என்ற நீதிமன்ற ஒழுங்கை எழுதுவோர் யாவரும் கைக்கொள்ளல் வேண்டும் என்பதே கருத்து.

நம் கல்லூரியிலிருந்து வழக்கறிஞரும் வைத்தியரும் எழுதுவினைஞரும் ஆசிரியரும் ஆண்டுதோறும் வெளிச்செல்கின்றனர். பழைய மாணவர் மகிழ்ந்து கொண்டாடும் இவ்விழாக் காலத்திலே, அவர்கள் பெற்ற பதவிகளை எண்ணிப் பெருமை கொள்ளுதல் இயல்பே. ஆயின், கற்ற கல்வி தன் வீட்டு விளக்காக மட்டும் எரிதல் போதுமோ? கடிதம் எழுதத் தெரியாத அயலாருக்கு ஒரு விண்ணப்பம் எழுதிக் கொடுத்தலும், தம் ஊர்க் குளத்தின் குறையையும் தெருவின் குறையையும் சான்றோடு பத்திரிகைக்கு அறிவித்தலும், ஊரார் நினைவிலுள்ள செய்திகளை அச்சேற்றிக் காத்தலும் லொறென்ஸ் சென்ற வழியிலே நாம் வைக்கக்கூடிய சிற்றடிகளாம். முதியோர் சொல்லக் கேட்ட திருகோணமலை வரலாறு இன்னும் எழுத்திலேறாது கிடப்பது மிகப் பெரிது. சொல்வோர் இருக்கும்போதே எழுதுவோர் முன்வருதல் வேண்டும். இம்மலரின் பக்கங்களிலேயே அப்பணியைத் தொடங்கலாம்.